பாட்டு வேண்டும், பாட்டுக்காரன் வேண்டாமா?



போன வாரம் இந்தோனேசிய இசையமைப்பாளர் சுதார்நோத்தோவைப் பற்றி நாலு வரி எழுதியிருந்தேன். அதற்குக் கீழே என் பழைய மாணவன் ஒருவன், இன்று பெரிய பொறுப்பில் இருப்பவன், "கலைஞன்னா கலையோட நிக்கணும் சார். அரசியலுக்குப் போனா பலனை அனுபவிக்கத்தான் வேணும்" என்று எழுதினான். அதற்கு முப்பத்தேழு லைக். அதில் என் தங்கை மகனும் ஒருவன்.

சரி, கணக்கைப் பார்ப்போம்.

1925இல் மத்திய ஜாவாவில் பிறந்தவர். ஜகார்த்தாவில் அரசு வானொலியில் வேலை பார்த்தார். 1956இல் 'கருடா பஞ்சசீலா' என்ற அணிநடைப் பாட்டுக்கு மெட்டுப் போட்டார். கம்யூனிஸ்ட் கட்சிக்கு நெருக்கமான லெக்ரா என்னும் கலைஞர் அமைப்பிலும் இருந்தார். 1965 கலவரத்துக்குப் பிறகு வேலை போயிற்று, சிறையும் வந்தது. அந்த நாட்களில் லட்சக்கணக்கானவர்களை விசாரணையே இல்லாமல் அடைத்து வைத்தார்கள். செத்தவர்கள் வேறு லட்சக்கணக்கில்.

லெக்ராக்காரர்கள் எல்லாரும் பத்தரை மாற்றுத் தங்கம் என்று நான் சொல்லவில்லை. 1963இல் கலாசார அறிக்கையில் கையெழுத்திட்ட எழுத்தாளர்களை அவர்கள் படுத்திய பாடு கொஞ்சமல்ல. அது தப்பு. அதற்காக வானொலியில் வேலை பார்த்தவனைச் சிறையில் போடலாமா?

இன்னொன்றைக் கவனியுங்கள். அதே சுஹார்த்தோ ஆட்சி 'கென்ஜர் கென்ஜர்' என்ற நாட்டுப்புறப் பாட்டைத் தடை செய்தது. ஏதோ ஒரு கீரையைப் பற்றிய பாட்டு அது! அதை எழுதிய முகம்மது ஆரிஃப் காணாமலே போனார். ஆனால் சுதார்நோத்தோவின் பாட்டைத் தடை செய்யவில்லை. ஏன்? அது அவர்களுக்குத் தேவைப்பட்டது. அந்த முப்பது வருஷமும் பள்ளிப் பிள்ளைகள் அதைப் பாடிக்கொண்டுதான் இருந்தார்கள். அரசியல் கறை ஆளின் மேல் ஒட்டுமாம், பாட்டின் மேல் ஒட்டாதாம். இது என்ன நியாயம்?

வெளியே வந்த மனிதர் வயிற்றுப்பாட்டுக்குப் பாட்டோடு சம்பந்தமில்லாத வேலைகளும் பார்த்தார். பிறகு சினிமாவுக்குப் பின்னணி இசை அமைத்தார். ஷுமன்ஜாயா இயக்கிய 'கபுத் சுத்ரா உங்கு' படத்துக்காக 1980இல் சித்ரா விருது வாங்கினார். அங்கே சினிமாவுக்கு அதுதான் பெரிய விருது. கலையோடு நிற்கவில்லை என்கிறாயே தம்பி, இவர் வேறெதோடு நின்றார்? 2000இல் காலமானார்.

என் பங்குக்கும் ஒன்று சொல்லிவிடுகிறேன். முப்பத்தொரு வருஷம் காலைப் பிரார்த்தனைக் கூட்டத்தில் உங்களைப் பாட வைத்தேன். சுருதி தப்பினால் அதட்டினேன். ஒருநாள்கூட 'இந்த மெட்டைப் போட்டது யார் தெரியுமா' என்று கேட்டதில்லை. நீ இப்படி எழுதியதில் எனக்கும் பங்கு உண்டு.

லைக் போட்ட முப்பத்தேழு பேரும் பதில் எழுதுங்கள். தங்கை மகனே, நீ முதலில் எழுது. தீபாவளிக்கு வீட்டுக்கு வருவாய் அல்லவா, நேரிலும் கேட்பேன்.