ஆங்கோட கோலும் கை நழுவின பலூனும்

ரெண்டு வாரமா ஆபீஸ்ல ஆணி ஜாஸ்தி. ராத்திரி வீட்டுக்கு வந்தா மூளை வேலை செய்ய மாட்டேங்குது. சரின்னு 'அவதார்: த லாஸ்ட் ஏர்பெண்டர்' கார்ட்டூனை மறுபடி முதல்லேர்ந்து பாக்க ஆரம்பிச்சேன். 2005ல ஆரம்பிச்சு 2008ல முடிஞ்ச தொடர், மொத்தம் 61 எபிசோடு. (நீலக் கலர் ஆளுங்க வர்ற அவதார் இல்லீங்க, அது வேற!) சின்ன வயசுல ஆங் கையில இருக்கிற அந்தக் கோல் மேல ஒரே பைத்தியமா இருந்தேன். இப்ப பாத்தா அதே கோல் தூக்கத்தைக் கெடுக்குது. அதைக் கொட்டத்தான் இந்தப் பதிவு.

பாக்காதவங்களுக்கு ஒரு குட்டி முன்கதை. அந்த உலகத்துல தண்ணி, மண், நெருப்பு, காத்துன்னு நாலு இனம். ஒவ்வொரு இனத்துலயும் தங்களோட பூதத்தை ஆட்டி வைக்கிற வித்தைக்காரங்க உண்டு. காத்து இனத்தை மொத்தமா நெருப்பு தேசம் 100 வருஷம் முன்னாடி அழிச்சிடுது. பனிக்குள்ள உறைஞ்சு கிடந்து தப்பிச்ச 12 வயசுப் பையன்தான் ஆங். அவன் ஆயுதம் ஒரு மரக்கோல். சுழட்டினா எதிரியைத் தூக்கி எறியற மாதிரி காத்து கிளம்பும். விரிச்சா ரெண்டு பக்கமும் விசிறி மாதிரி இறக்கை வரும், புடிச்சுக்கிட்டுப் பறக்கலாம்.

இஞ்சினியர் புத்தி சும்மா இருக்குமா? ஒரு கணக்கு போட்டேன். பையன் எடை 35 கிலோ, இறக்கைப் பரப்பு தாராளமா 2 சதுர மீட்டர், லிஃப்ட் கோஎஃபிஷியன்ட் 1னு வச்சுக்கிட்டா, கீழ விழாம இருக்கவே மணிக்கு 60 கிலோமீட்டர் வேகம் வேணும். நிஜ ஹேங் கிளைடருக்கு இறக்கையே 10 சதுர மீட்டருக்கு மேல இருக்கும், அதுக்கும் மலைச்சரிவுல ஓடிப்போய் குதிக்கணும். இவன் என்னடான்னா நின்ன இடத்துலேர்ந்து ஜிவ்வுன்னு கிளம்புறான். அதாவது, இறக்கை சும்மா ஒரு சாக்கு. காத்துல ஓடுற ஆயுதம்னு நாம சொல்றோம், ஆனா அந்தக் காத்து ஆங்கிட்டேர்ந்து வருது.

அதனால இன்னொரு விஷயமும் நடக்குது. ரெண்டாவது எபிசோட்ல எதிரி இளவரசன் ஜூக்கோ அந்தக் கோலைப் பறிச்சு, அப்பாவுக்குப் பரிசா குடுக்கலாம்னு நினைக்கிறான். குடுத்திருந்தா அவரு சுவத்துல மாட்டி வச்சிருப்பாரு, வேற ஒண்ணும் பண்ணியிருக்க முடியாது. திருடினாலும் உதவாத ஆயுதம்! காத்து வித்தைக்காரங்க எல்லாம் புத்தரும் இல்ல. அடுத்த தொடரான 'கோரா'வுல ஸாஹீர்னு ஒருத்தன் ஒரு ராணியோட மூச்சையே உருவிக் கொல்லுவான். ஆனா அந்தப் பாவம் யாருதுன்னு தேட வேண்டியதில்ல. செஞ்ச கை அவனுது.

இப்ப முதல் சீசன் 17வது எபிசோடுக்கு வாங்க. காத்து இனத்தோட பழைய வடக்குக் கோயில்ல யாரோ பறக்கிறாங்கன்னு ஆங் ஆசையா ஓடுறான். பாத்தா வித்தையே தெரியாத அகதிகள். மெக்கானிஸ்ட்னு ஒரு இஞ்சினியர் செஞ்ச கிளைடர்ல, மலையில ஏறுற காத்தைப் புடிச்சுப் பறக்கிறாங்க. அவரோட பையன் டியோ நடக்க முடியாதவன், சக்கர நாற்காலியோடயே பறக்கிறான். ஆங்குக்கு முதல்ல எரிச்சல். எனக்கோ கண்ணுல தண்ணி. யாருக்கும் வேலை செய்யற பொருளோட அழகு இதுதானே?

ஆனா காத்து வித்தையால மட்டுமே திறக்கிற ஒரு கதவு அங்க இருக்கு. டியோவுக்காக ஆங் திறந்தா, உள்ள நெருப்பு தேசத்துக்காக மெக்கானிஸ்ட் செஞ்ச ஆயுதங்கள்! ஊரைக் காப்பாத்த, பையனைக் காப்பாத்த, வேற வழியில்லாம செஞ்சதுன்னு அவரு சொல்றாரு. அப்புறம் மனசு மாறி ஊர்ப்பக்கம் நின்னு, வெப்பக்காத்து பலூனை வச்சு சண்டையிலயும் ஜெயிக்கிறாங்க. ஆனா அந்த பலூன் கை நழுவி எதிரிகிட்ட போயிடுது. கடைசி சீசன்ல மண் ராஜ்ஜியத்தையே எரிக்க வர்ற ஆகாயக் கப்பலுங்க அதோட வாரிசுதான்.

நானும் ஒரு பலூன் விட்டிருக்கேன்.

பழைய கம்பெனியில, சப்போர்ட் டீம்ல யார் மெஷின் எவ்வளவு நேரம் சும்மா இருக்குன்னு காட்டுற ஒரு டூல் எழுதினேன். ராத்திரி ஷிஃப்ட்ல ரெண்டு பேர் தலையிலயே எல்லா வேலையும் விழுது, சமமாப் பிரிக்கலாமேங்கிற நல்லெண்ணம். டெமோல கைத்தட்டல். நான் வேற ப்ராஜக்ட் போயிட்டேன். ஆறு மாசம் கழிச்சு, அதே ரிப்போர்ட்டைக் காட்டி நாலு பேரை வீட்டுக்கு அனுப்பினாங்க. அதுல ஒரு அக்கா கைக்குழந்தைக்காரங்க. பால் எடுத்து வைக்க எழுந்து போன நேரமெல்லாம் சிவப்புக் கட்டமா இருந்துச்சு. அந்தச் சிவப்பு நான் செலக்ட் பண்ணின கலர். அவங்க என்னைத் திட்டக்கூட இல்ல. எழுதினது நான்னு அவங்களுக்குத் தெரியாது.

"நான் டூல் மட்டும்தான் எழுதினேன்"னு அப்ப எனக்கு நானே சொல்லிக்கிட்டேன். அது கோல் செஞ்சவன் சொல்லலாம். யார் எடுத்தாலும் பறக்கிற பலூன் செஞ்சவனுக்கு அந்த வசதி கிடையாது.

அதுக்காக பலூனே வேணாம், வித்தை தெரிஞ்சவன் மட்டும் பறக்கட்டும்னு சொல்ல வரல. டியோ எப்படிப் பறப்பான்? நம்ம பொழப்பே யாருக்கும் வேலை செய்யற பொருளை செய்யறதுதான். ஆனா இது கை நழுவினா யார் எடுப்பாங்க, எடுத்து என்ன பண்ணுவாங்கன்னு டிசைன்லயே கேக்கணும். நான் ஆளுங்க பேரை எடுத்துட்டு ஷிஃப்டோட மொத்தக் கணக்கை மட்டும் காட்டியிருக்கலாம். எந்த ஷிஃப்டுக்கு ஆள் பத்தலைன்னு தெரிய அதுவே போதும். ரெண்டு நாள் வேலை. யாரும் கேக்கல, நானும் யோசிக்கல.

மூணாவது சீசன்ல ஆங்கோட பழைய கோல் எரிமலையில எரிஞ்சு போகும். அப்புறம் புதுசு ஒண்ணு செஞ்சு குடுக்கிறது அதே மெக்கானிஸ்ட்தான். நொறுக்குத்தீனி வைக்க உள்ள ஒரு குட்டி டப்பா வேற! அந்த ஸீனைப் பாத்து நேத்து ராத்திரி ரொம்ப நேரம் சிரிச்சேன். அப்புறம் லேப்டாப்பைத் திறந்து, இப்ப எழுதிக்கிட்டு இருக்கிற மாட்யூல்ல யார் பேரெல்லாம் சேமிக்குதுன்னு ஒவ்வொரு டேபிளா பாக்க ஆரம்பிச்சேன். இன்னும் முடியல.

உங்க பலூன் கதைங்களையும் பின்னூட்டத்துல சொல்லுங்க மக்களே.

டிஸ்கி: 2010ல ஷ்யாமளன் எடுத்த படத்தைப் பத்தி மட்டும் யாரும் கேக்காதீங்க. காசு குடுத்துப் பாத்தவன், அழுதுடுவேன்.