மாமா மாதிரி

டெல்லி கணேஷ் எங்கே நடித்தார், நம் வீட்டு மாமா மாதிரி சும்மா வந்து போவார் என்று மயிலாப்பூர் சபா வாசலிலும் தியாகராய நகர் வரவேற்பறைகளிலும் சொல்கிறார்கள். புகழ்ச்சி என்று நினைத்துத்தான் சொல்கிறார்கள். நான் அதை அவமதிப்பு என்கிறேன்.

வல்லநாட்டில் 1944-ல் பிறந்தவர். 10 ஆண்டுகள் விமானப் படையில் உழைத்தவர். தலைநகரில் நாடக மேடை ஏறியவர். 1977-ல் 'பட்டினப் பிரவேசம்' அவரைச் சினிமாவுக்கு அழைத்து வந்தது. 2024-ல் மறையும் வரை 400-க்கு மேற்பட்ட படங்கள். தொலைக்காட்சித் தொடர்கள் வேறு.

சும்மா வந்து போனார் என்றால், 'சிந்து பைரவி'யில் குடிக்கு அடிமையான மிருதங்க வித்வான் யார்? 'மைக்கேல் மதன காமராஜன்' படத்தில் பாலக்காட்டுத் தமிழ் பேசிய சமையற்காரர் யார்? 'அபூர்வ சகோதரர்கள்' படத்தின் கொலைபாதகர்களில் ஒருவர் யார்? மூவருமா ஐயா உங்கள் மாமா?

தொண்டை கிழியக் கத்தினால்தான் நடிப்பு என்று பழகிவிட்டது. கத்துகிறவருக்குக் கட்-அவுட், நடிப்பது தெரியாமல் நடிப்பவருக்குத் 'துணை நடிகர்' பட்டம். அவரே தொலைக்காட்சி வழியாகத் தினமும் வீட்டுக்குள் வந்துவிட்டாலோ, அடுத்த வீட்டுக்காரருக்கு உள்ள மரியாதைதான்! உழைப்பு வெளியே தெரியாமல் இருப்பதற்கே எத்தனை உழைப்பு வேண்டும் என்பது, தனி ஆவர்த்தனம் தொடங்கியதும் காண்டீனுக்கு எழுந்து போகிற ரசிகர்களுக்கு எப்படிப் புரியும்?

கடைசியில், செத்த பிறகு, 'ஈடு செய்ய முடியாத இழப்பு' என்று இரங்கல் வாசிக்கிறார்கள். ஈடே இல்லாத மனிதரை, இருந்த நாளெல்லாம் எதற்கு ஐயா 'துணை' என்றீர்கள்?