சிலிண்டர் பவர் என்பது நோயின் பேர் இல்லை

1/
கண் பரிசோதனை முடிச்சுட்டு வர்ற பெற்றோர் பலர் குரலைத் தாழ்த்திக் கேட்கிற கேள்வி இது: "சிலிண்டர் பவர் இருக்காம் டாக்டர். பெரிய வியாதியா?"

சர்க்கரை 300 இருக்குன்னு சொன்னாக்கூட அசராதவங்க இந்த ஒரு வார்த்தைக்கு ஆடிப் போயிடறாங்க. அதனால இதைப் பத்திக் கொஞ்சம் கோபமாவே எழுத வேண்டியிருக்கு. நீளமான இழை. பொறுமையா படிங்க.

2/
முதல்ல ஒண்ணு. நான் கண் மருத்துவ நிபுணர் கிடையாது. அரசு மருத்துவமனையில் பொது ஓபி பார்க்கிற எம்.பி.பி.எஸ். டாக்டர். ஆனா தலைவலி, கண் எரிச்சல், "பையன் போர்டு தெரியலங்கிறான்"னு வர்றவங்க முதல்ல வந்து நிக்கிறது என்னைப் போன்றவங்க முன்னாடிதான்.

நான் சொல்ல வர்றது இதுதான். "சிலிண்ட்ரிக்கல்" என்ற சொல் உங்க கண்ணின் வடிவத்தைச் சொல்லலை. உங்களுக்குப் போடப்போற கண்ணாடியின் வடிவத்தைச் சொல்லுது. அது மருந்தோட பேர். காய்ச்சல் வந்தவர் "எனக்கு பாராசிட்டமால் வந்திருக்கு"ன்னு சொன்னா சிரிப்போம்ல? "எனக்கு சிலிண்டர் வந்திருக்கு" என்பதும் அதே மாதிரிதான்.

3/
பத்தாம் வகுப்பு கணக்குல அளவியல் பாடம் ஞாபகம் இருக்கா? கோளம், உருளை, கூம்பு. மார்க்குக்காக கனஅளவு சூத்திரம் மனப்பாடம் பண்ணோம், மறந்துட்டோம். அந்த மூணு வடிவமும் உங்க கண்ணாடிச் சீட்டுக்குள்ள உட்கார்ந்திருக்கு.

கோளம்: எந்தப் பக்கம் பார்த்தாலும் ஒரே வளைவு. கோலிக்குண்டு மாதிரி.
உருளை: ஒரு திசையில் வளைவு, இன்னொரு திசையில் நேர்கோடு. குழாய் மாதிரி.
கூம்பு: கடைசியில் வர்றேன். பயப்பட வேண்டிய வடிவம் அதுதான்.

4/
நம்ம கண்ணோட முன்பக்கம், வாட்ச்சுக்கு மேல கண்ணாடி இருக்கிற மாதிரி ஒரு தெளிவான படலம் இருக்கு. பேர் கார்னியா. கண்ணுக்குள்ள வர்ற ஒளியை வளைக்கிற வேலையில் சுமார் மூணுல ரெண்டு பங்கை இதுதான் செய்யுது.

இது கோலிக்குண்டு மாதிரி எல்லாத் திசையிலும் ஒரே அளவா வளைஞ்சிருந்தா ஒளி ஒரு புள்ளியில் குவியும். பலருக்கு அது கரண்டியோட முதுகு மாதிரி இருக்கும். நீளவாக்கில் கம்மி வளைவு, குறுக்குவாக்கில் அதிக வளைவு. அப்போ ஒளி ஒரே புள்ளியில் குவியாது. ஒரு திசைக் கோடு தெளிவா தெரியும், இன்னொரு திசைக் கோடு மங்கும்.

இதுக்குப் பேர் அஸ்டிக்மாட்டிசம். பள்ளி அறிவியல் புத்தகத்தில் "பார்வைச் சிதறல் குறைபாடு"ன்னு படிச்சிருப்பீங்க. கொஞ்சம்கூட இது இல்லாத கண்ணைக் காட்டுறதுதான் கஷ்டம்.

5/
சரி, உருளை எங்க வருது? வீட்டிலேயே பாருங்க. பட்டையோ வரியோ இல்லாத, நேரான கண்ணாடி டம்ளர் நிறைய தண்ணி எடுத்து, அதுக்குப் பின்னாடி ஒட்டினாப்ல செய்தித்தாளைப் பிடிங்க. எழுத்து பக்கவாட்டில் மட்டும் அகலமாகும். உயரம் அப்படியே இருக்கும்.

இதுதான் உருளை வில்லை. ஒரு திசையில் மட்டும் ஒளியை வளைக்கும், மறு திசையைத் தொடாது. உங்க கார்னியா ஒரு திசையில் மட்டும் அதிகமா வளைச்சா, அந்தத் திசையை மட்டும் சரிக்கட்டுற கண்ணாடி வேணும். கோள வில்லையால அது முடியாது, அது எல்லாத் திசையையும் சேர்த்து மாத்திடும். அதனாலதான் சிலிண்டர்.

6/
இது புதுசா முளைச்ச வியாபாரமும் இல்லை. 1801லேயே இங்கிலாந்தில் தாமஸ் யங் தன் கண்ணில் இந்தக் குறைபாடு இருக்கிறதை அளந்து எழுதிட்டார். 1825ல் ஜார்ஜ் ஏரி என்ற இளம் வானியலாளர், தன் இடது கண்ணுக்கு ஒளிப்புள்ளி கோடு மாதிரி இழுபட்டுத் தெரியறதைக் கணக்குப் போட்டு, இப்ஸ்விச் ஊர்ல ஒரு கண்ணாடிக்காரர்கிட்ட உருளை வில்லை செஞ்சு வாங்கிப் போட்டுக்கிட்டார். அவரே பின்னாளில் இங்கிலாந்தின் அரச வானியலாளர் ஆனார்.

சிலிண்டர் பவர் வந்தா வாழ்க்கை போச்சுன்னு நினைக்கிறவங்களுக்கு: அந்தக் கண்ணை வச்சுக்கிட்டு அவர் வானத்தை ஆராய்ஞ்சார்.

7/
இப்போ உங்க கண்ணாடிச் சீட்டை எடுங்க. மூணு கட்டம் இருக்கும்.

எஸ்.பி.எச். என்பது ஸ்ஃபியர், அதாவது கோளம். கிட்டப்பார்வை, தூரப்பார்வைக்கான பவர்.
சி.ஒய்.எல். என்பது சிலிண்டர், உருளை. ஒரு திசைக்கு மட்டும் கூடுதலாத் தேவைப்படும் பவர்.
ஆக்சிஸ் என்பது அந்த உருளையை எந்தக் கோணத்தில் வைக்கணும்ங்கிறது. 180 டிகிரி வரைக்கும் வரும்.

ஆக்சிஸ் 170ன்னு பார்த்துட்டு "பவர் 170ஆ!"ன்னு அலறினவங்க உண்டு. அது பவர் கிடையாது, கோணம்.

8/
இன்னொரு குழப்பம். ஒரு இடத்தில் "கோளம் மைனஸ் 1.00, உருளை மைனஸ் 1.00, கோணம் 180"ன்னு எழுதித் தர்றாங்க. இன்னொரு இடத்தில் "கோளம் மைனஸ் 2.00, உருளை பிளஸ் 1.00, கோணம் 90". உடனே "பவர் டபுள் ஆயிடுச்சு, முதல்ல பார்த்தவருக்கு ஒண்ணும் தெரியலை"ன்னு சண்டை.

ரெண்டும் ஒரே கண்ணாடி! எழுதுற முறைதான் வேற. கோளத்தோட உருளையைக் கூட்டுங்க, உருளையின் குறியை மாத்துங்க, கோணத்தை 90 டிகிரி திருப்புங்க. ஒண்ணு இன்னொண்ணா மாறிடும். இந்த ரெண்டு வரிக் கணக்கை யாராவது சொல்லியிருந்தா எத்தனை பேருக்கு அலைச்சல் மிச்சம்!

9/
கோணம் ஏன் முக்கியம்? உருளைக் கண்ணாடி 10 டிகிரி திரும்பி உட்கார்ந்தா அதோட பலனில் சுமார் மூணுல ஒரு பங்கு போயிடும். 30 டிகிரி திரும்பினா போட்டும் போடாத மாதிரிதான். சும்மா சொல்லலை, கணக்கு அப்படி.

அதனால "புதுக் கண்ணாடி போட்டும் தெரியலை"ன்னா உடனே பவர் ஏறிடுச்சுன்னு முடிவு கட்டாதீங்க. ஃபிரேம் வளைஞ்சிருக்கா, லென்ஸ் திரும்பியிருக்கா, சீட்டில் இருந்த கோணம்தான் கண்ணாடியிலும் இருக்கான்னு கடையில் மெஷினில் வச்சுப் பார்க்கச் சொல்லுங்க. அது உங்க உரிமை.

10/
இனி கோபம். முதல்ல எங்க ஆளுங்க மேலேயே.

ஒரு நாளைக்கு ஓபியில் எவ்வளவு கூட்டம்னு எனக்குத் தெரியும், நானும் அதே கூட்டத்தில்தான் நிக்கிறேன். ஆனா "சிலிண்டர் இருக்கு, கண்ணாடி போடுங்க"ன்னு சொல்ற நேரத்தில் "கண்ணோட வளைவு எல்லாப் பக்கமும் ஒரே மாதிரி இல்லை, கண்ணாடி அதைச் சரிக்கட்டும்"னு சொல்லிடலாம். கூடுதலா அஞ்சு விநாடி ஆகுமா? வெறும் சொல்லை மட்டும் கையில் கொடுத்து அனுப்பினா, அதுக்கு அர்த்தத்தை வேற யாரோ சொல்லித் தருவாங்க.

11/
அந்த வேற யாரோ யார்? "சிலிண்டர் பவர் சார், சாதாரண லென்ஸ் ஆகாது, இந்த உயர்ரக லென்ஸ்தான் போடணும், இல்லேன்னா கண்ணு கெட்டுடும்"னு சொல்ற சில கடைக்காரர்கள்.

நியாயமா பேசுவோம். அதிக சிலிண்டர் பவர்னா ஆர்டர் கொடுத்துச் செய்யணும், விலை கூடும். தப்பில்லை. ஆனா 0.50, 0.75 எல்லாம் அன்றாடம் போடுற பவர். லென்ஸ் மேல பூசுற கோட்டிங் வேற, சிலிண்டர் வேற. கோட்டிங் வேணுமான்னு உங்க வசதியைப் பார்த்து முடிவு பண்ணுங்க. சிலிண்டரைக் காட்டி மிரட்டி அதை விக்கிறது வியாபாரம் இல்லை, ஏமாத்து வேலை.

12/
அடுத்தது யூடியூப். "21 நாளில் சிலிண்டர் பவர் மறையும்", "இந்தப் பயிற்சி செஞ்சா கண்ணாடியைத் தூக்கிப் போடலாம்."

கண்ணை மேலும் கீழும் உருட்டினா கார்னியாவின் வளைவு மாறாது. கேரட் நல்ல காய்தான், சாப்பிடுங்க. ஆனா கேரட் கரண்டியைக் கோலிக்குண்டாக்காது. கண்ணாடி போட்டா பவர் ஏறும் என்பதும் பொய். போடாம இருந்தா இறங்கும் என்பதும் பொய்.

பெரியவங்க இதை நம்பினா அவங்களுக்குத் தலைவலியோட போகும். குழந்தைகள் விஷயத்தில் அப்படி விட முடியாது.

13/
குழந்தையின் மூளை பார்க்கக் கத்துக்கிறது பிறந்த முதல் சில வருஷங்களில். அந்தக் காலத்தில் கண் மங்கலான படத்தையே அனுப்பிக்கிட்டிருந்தா, மூளை தெளிவாப் பார்க்கக் கத்துக்காமலே போயிடும். இதுதான் அம்ப்ளியோபியா, சோம்பேறிக் கண். கவனிக்காம விட்ட சிலிண்டர் இதுக்கு ஒரு முக்கியமான காரணம்.

7, 8 வயசுக்குள்ள கண்ணாடி போட்டுச் சிகிச்சை எடுத்தா நல்ல பலன் கிடைக்கும். தாமதமாக ஆகப் பலன் குறையும். 20 வயசில் எவ்வளவு விலை உயர்ந்த கண்ணாடி போட்டாலும், லேசர் பண்ணினாலும் மூளை கத்துக்காம விட்டதை முழுசா வாங்க முடியாது.

"பொம்பளப் புள்ள, கண்ணாடி போட்டா நாளைக்கு வரன் அமையாது"ன்னு கண்ணாடியை அலமாரியில் வச்சுப் பூட்டுறவங்களே, 22 வயசுக் கல்யாணத்துக்காக 6 வயசுப் பிள்ளையோட பார்வையை அடகு வைக்கிறீங்க.

14/
"அரசு டாக்டர் மிகைப்படுத்துறார்"னு நினைக்கிறவங்களுக்கு: உலக சுகாதார நிறுவனம் 2019ல் வெளியிட்ட பார்வை பற்றிய உலக அறிக்கை, உலகத்தில் குறைந்தது 220 கோடி பேருக்குப் பார்வைக் குறைபாடு இருக்குன்னு சொல்லுது. அதில் குறைந்தது 100 கோடி பேருக்கு அது தடுத்திருக்கக் கூடியது, இல்லேன்னா இன்னும் கவனிக்கப்படாதது. ஒரு கண்ணாடியோட சரியாகிற குறைபாடுகளும் அந்தக் கணக்கில் அடக்கம்.

15/
இப்போ கூம்பு. எதுக்குப் பயப்படணும்னு சொல்றேன்.

வளரிளம் வயசில் சிலருக்குக் கார்னியா மெலிஞ்சு, கூம்பு மாதிரி முன்னால தள்ள ஆரம்பிக்கும். பேர் கெரட்டோகோனஸ். ஆரம்பத்தில் இது சீட்டில் வெறும் சிலிண்டராத்தான் தெரியும். அதனால இந்த அறிகுறிகளைக் கவனிங்க:

சிலிண்டர் பவர் ஒவ்வொரு தடவையும் ஏறிக்கிட்டே போகுது.
கோணமும் மாறிக்கிட்டே இருக்கு.
புதுக் கண்ணாடி போட்டும் முழுத் தெளிவு வரலை.
பிள்ளை கண் அரிப்புன்னு எப்பவும் கண்ணைக் கசக்கிக்கிட்டே இருக்கு.

கண்ணைக் கசக்குறது சும்மா பழக்கம் இல்லை. மெலிஞ்ச கார்னியாவை அது இன்னும் கெடுக்கும். அரிப்புக்கு மருந்து இருக்கு.

16/
இந்த அறிகுறி இருந்தா மறுபடி மறுபடி கண்ணாடி மாத்திக்கிட்டு இருக்காதீங்க. கண் மருத்துவரைப் பார்த்து, கார்னியாவை வரைபடமா எடுக்கிற டோப்போகிராபி பரிசோதனை வேணுமான்னு கேளுங்க. ஆரம்பத்திலேயே கண்டுபிடிச்சா, ரிபோஃப்ளேவின் சொட்டு மருந்தும் புற ஊதாக் கதிரும் வச்சுச் செய்யிற கிராஸ் லிங்கிங் சிகிச்சையால் மேற்கொண்டு மோசமாகாம பெரும்பாலும் நிறுத்த முடியும். விட்டுட்டா சிலருக்குக் கார்னியா மாற்று அறுவைச் சிகிச்சை வரை போகும்.

உருளைக்குப் பயந்து கூம்பைக் கோட்டை விடாதீங்க. "சிலிண்டர்"ங்கிற சொல்லை எல்லாரும் வியாதியா பார்க்கிறதாலதான், நிஜமா வியாதியா இருக்கிற அந்தச் சிலரும் கூட்டத்தோட கூட்டமா தொலைஞ்சு போறாங்க.

17/
பெரியவங்களுக்கு ரெண்டு விஷயம். வெயிலிலும் தூசியிலும் வேலை செய்யிறவங்களுக்குக் கண்ணோரத்தில் சதை வளர்ந்து கார்னியா மேல ஏறும். அதுவும் சிலிண்டரை உண்டாக்கும். கண்புரை அறுவைக்குப் பின்னாடியும் கொஞ்சம் சிலிண்டர் வரலாம். புண் ஆறி வளைவு நிலைக்கணும், அதனாலதான் கண்ணாடி எழுதச் சில வாரம் காத்திருக்கச் சொல்றாங்க.

கடையில் தொங்குற ரெடிமேட் படிக்கிற கண்ணாடியில் ரெண்டு கண்ணுக்கும் ஒரே கோளப் பவர், சிலிண்டர் கிடையாது. அதைப் போட்டுத் தலை வலிச்சா ஆச்சரியமில்லை.

அதுக்காக எல்லாத் தலைவலிக்கும் சிலிண்டர்மேல பழி போடாதீங்க. 0.25 சிலிண்டரை வச்சு ஒற்றைத் தலைவலியை விளக்க முடியாது. ரத்த அழுத்தமும் பாருங்க.

18/
செய்ய வேண்டியது இவ்வளவுதான்.

பிள்ளையைப் பள்ளியில் சேர்க்கிறதுக்கு முன்னாடி ஒருமுறை கண் பரிசோதனை.
ஒவ்வொரு சீட்டையும் பத்திரமா வைங்க. பழசும் புதுசும் பக்கத்தில் இருந்தாத்தான் ஏறுதான்னு தெரியும்.
ரெண்டு சீட்டில் குறி மாறியிருந்தா 8ஆம் பதிவில் உள்ள கணக்கைப் போட்டுப் பாருங்க.
பள்ளியில் கண் பரிசோதனைக்கு வர்றப்போ பிள்ளைக்கு லீவ் போடாதீங்க. பள்ளிப் பிள்ளைகளுக்கு அரசே இலவசமா கண்ணாடி தருது.
அரசு மருத்துவமனையில் கண் மருத்துவ உதவியாளர் இருக்கார். பரிசோதனைக்குக் காசு கிடையாது.
"சிலிண்டர் இருக்கு"ன்னு சொன்னா மூணு கேள்வி கேளுங்க: எவ்வளவு? போன தடவை எவ்வளவு? கண்ணாடி போட்டா முழுசா தெரியுதா?

மூணாவது கேள்விக்கு "ஆமா"ன்னு பதில் வந்து, முதல் ரெண்டுக்கும் பெரிய வித்தியாசம் இல்லைன்னா, கண்ணாடியை மாட்டிக்கிட்டு நிம்மதியா வேலையைப் பாருங்க.

19/
சந்தேகம் இருந்தா கீழே கேளுங்க, எனக்குத் தெரிஞ்சதைச் சொல்றேன். தெரியாததைக் கண் மருத்துவ நண்பர்கள்கிட்ட கேட்டுச் சொல்றேன். சீட்டைப் படம் எடுத்துப் போடுறவங்க பேரையும் போன் நம்பரையும் மறைச்சுட்டுப் போடுங்க. குழந்தைக்குக் கண்ணாடி வேண்டாம்னு அடம்பிடிக்கிற தாத்தா பாட்டி இருக்கிற குடும்ப வாட்ஸ்அப் குரூப்புக்கு இதை அனுப்பி வைங்க. 13ஆம் பதிவை மட்டுமாவது படிக்கச் சொல்லுங்க.