சாமுராய்களை முந்திய நடிகை

ஜப்பானிய சினிமா என்றதும் நம் ரசிகர்கள் அகிரா குரோசவாவின் ‘செவன் சாமுராய்’ படத்தைத்தான் முதலில் சொல்வார்கள். 1954இல் வந்த படம் அது. அந்த ஆண்டின் சிறந்த உள்நாட்டுப் படங்களை ‘கினெமா ஜும்போ’ இதழுக்காக விமர்சகர்கள் வரிசைப்படுத்தியபோது, அதற்குக் கிடைத்தது மூன்றாம் இடம். முதல் இரண்டு படங்களும் கெய்சுகே கினோஷிதா இயக்கியவை. இரண்டிலும் நடித்தவர் ஹிதேகோ தகாமினே. மறு ஆண்டு முதலிடம் பெற்ற ‘மிதக்கும் மேகங்கள்’ படத்துக்கும் அவரே நாயகி. வாள்வீச்சைக் கொண்டாடும் நாம் இந்தப் பெயரைக் கேள்விப்படாமலே இருப்பது அநியாயம்.

1924இல் ஹகோதாதேயில் பிறந்தவரை ஐந்து வயதிலேயே கேமரா முன் நிறுத்திவிட்டார்கள். படப்பிடிப்புக்கு நடுவே பள்ளிக்கூடம் ஒழுங்காக வாய்க்கவில்லை. சொந்தபந்தங்களின் வயிறு நிரம்பியது அவர் சம்பாத்தியத்தில். குழந்தை நட்சத்திரங்களின் கதை எந்த ஊரிலும் ஒன்றுதான் போலிருக்கிறது!

நடிகர்கள் ஸ்டூடியோக்களின் சொத்தாக இருந்த காலத்தில், 1950இல் ஷின்டோஹோ கம்பெனியை விட்டு வெளியேறினார். அதன்பின் எந்தப் படத்தில் நடிப்பது என்பது அவர் முடிவு. ஜப்பானின் முதல் முழுநீள வண்ணப்படத்தில் ஆடை களையும் நடனக்காரி. மூன்றே ஆண்டுகளில், ‘இருபத்து நான்கு கண்கள்’ படத்தில் தன் மாணவர்களைப் போருக்குப் பறிகொடுக்கும் தீவுப் பள்ளி ஆசிரியை.

ஆனாலும் அவருடைய உச்சம் மிக்கியோ நருசேயின் படங்கள்தான். இருவரும் சேர்ந்து 17 படங்கள். 1960இல் வந்த ‘ஒரு பெண் படியேறும்போது’ படத்தில் அவர் கணவனை இழந்த கெய்கோ. டோக்கியோவின் கின்சா பகுதியில் மதுக்கூடம் ஒன்றை நடத்துகிறவள். கிமோனோ செலவு, வீட்டு வாடகை, வாடிக்கையாளர் பாக்கி, கைநீட்டும் அண்ணன் என்று படம் முழுக்க வரவு செலவுக் கணக்கு. மாலையானால் பிடிக்காத வேலைக்குப் படியேறியாக வேண்டும். ஒப்பாரியோ வசனமழையோ கிடையாது. படியில் ஏறும் முன் முகத்தைச் சரிசெய்துகொள்ளும் அந்த ஒரு கணத்திலேயே எல்லாவற்றையும் சொல்லிவிடுகிறார். அதில் உடைகளை வடிவமைத்ததும் அவரே.

1976இல் தன் சுயசரிதைக்கு ஜப்பான் கட்டுரையாளர் சங்கத்தின் விருது பெற்றார். 1979இல் நடிப்பை நிறுத்தினார். 2010 டிசம்பரில் இறந்தபோது வயது 86.

நம் ஊர்த் திரைப்படச் சங்கங்கள் அடுத்த முறை ஜப்பானியப் படம் போடும்போது, சாமுராய்களுக்கு ஒருநாள் விடுமுறை கொடுத்துவிட்டு கெய்கோவைத் திரையிடட்டும்.