தைலத் தோப்பு காடல்ல!

ஆண்டிமடம் பக்கம் போனால் எங்கு பார்த்தாலும் முந்திரி. அதை விட்டால் தைலமரம். மேலிருந்து செயற்கைக்கோள் பார்த்தால் எல்லாம் பச்சை. அரசாங்கக் கணக்கில் அதுவும் காடுதான்!

எப்படி என்கிறீர்களா? இந்திய வன அளவை நிறுவனம் வைத்திருக்கும் விதி அப்படி. ஒரு ஹெக்டேருக்குக் குறையாத இடத்தில் 10 சதவீதம் மரநிழல் இருந்தால் அது 'வனப்பரப்பு'. என்ன மரம், யார் நிலம் என்ற கேள்வியே கிடையாது. முந்திரித் தோப்பும் காடு, நாளைக்குக் காகித ஆலைக்கு லாரி ஏறப்போகும் தைலமரமும் காடு.

1974-ல் தமிழ்நாடு வனத்தோட்டக் கழகம் தொடங்கப்பட்டது. வனத்துறை நிலத்தைக் குத்தகைக்கு எடுத்து, தைலமரம் வளர்த்து, காகித ஆலைகளுக்குக் கொடுப்பது அதன் முக்கிய வேலை. சில வருடத்துக்கு ஒரு வெட்டு. மறுபடி துளிர்க்கும், மறுபடி வெட்டு. நிலத்தடி நீரை உறிஞ்சுகிறதா இல்லையா என்ற சண்டையை ஒரு பக்கம் வையுங்கள். ஆடுகூடக் கடிக்காத இலை, அடியில் புதர் இல்லை, பறவை தின்னப் பழம் இல்லை... இதற்குப் பெயர் காடா?

"தோப்பு இல்லாவிட்டால் ஆலைகள் மலைக்காட்டில் கை வைக்குமே" என்பார்கள். நியாயமான கேள்வி. காகிதம் எல்லோருக்கும் வேண்டும். ஆனால் பதில் 1988-ன் தேசிய வனக் கொள்கையிலேயே இருக்கிறது. ஆலைகள் தங்களுக்கு வேண்டிய மரத்தை விவசாயிகளோடு சேர்ந்து வளர்த்துக்கொள்ள வேண்டும். காட்டில் முதலிடம் சுற்றுச்சூழலுக்கு, வருமானம் அப்புறம்தான். கூலிக்கு ஆள் கிடைக்காத விவசாயி தன் பட்டா நிலத்தில் தைலமரம் போட்டால் அவரைக் குறை சொல்ல முடியாது. வன நிலத்தில் போடுவதுதான் தப்பு.

வட நாடுகளிலும் இதே கதைதான். வெட்டிய இடத்தில் மரம் வளர்க்க வேண்டும் என்று ஸ்வீடன் 1903-லேயே சட்டம் போட்டது. இன்று அங்கே மரத்துக்குப் பஞ்சமில்லை. பழங்காட்டுக்குத்தான் பஞ்சம்!

வேண்டியது இரண்டே விஷயம். தோப்பைத் தோப்பென்றும் காட்டைக் காடென்றும் தனித்தனியாகக் கணக்கெழுதட்டும். வன நிலத்தில் அடுத்த வெட்டு முடிந்ததும் தைலமரத்தை வேரோடு எடுத்துவிட்டு காரை, களா, சூரை, உசிலைக்கு இடம் விடட்டும்.

முளைக்குமா என்று சந்தேகப்படுகிறவர்கள், அரியலூர், பெரம்பலூர் கிராமங்களில் ஐயனார் கோயிலை ஒட்டி மிஞ்சியிருக்கும் காட்டைப் போய்ப் பார்க்கட்டும். அதை யாரும் வரிசையாக நடவில்லை. யாரும் டெண்டரும் விடவில்லை.