மொட்டை மாடிக்கு ஒரு வகுத்தல் கணக்கு

தில்லியில் கடைசி மாடியில் குடியிருக்கும் நம்மவர்களை மே, ஜூன் மாதங்களில் முகத்தைப் பார்த்தே அடையாளம் கண்டுவிடலாம். இரவெல்லாம் தூங்காத முகம். "காற்றோட்டமான வீடு, மேலே யாரும் நடமாடும் சத்தமும் இல்லை" என்று சொல்லி வாங்கிய வீடுதான். சூரியன் நடமாடுவதை மட்டும் யாரும் சொல்லவில்லை.

நானும் அந்தக் கூட்டத்தில் ஒருவன். 2024 கோடையில் மாயவரத்திலிருந்து அம்மா வந்திருந்தார். நான்கு நாள் பொறுத்துப் பார்த்துவிட்டு ஐந்தாம் நாள் கேட்டார்: "வெயில் சாயங்காலமே போயாச்சு. ராத்திரி பதினோரு மணிக்கு மேலே யாருடா அடுப்பு மூட்டறது?"

அம்மா கேட்டது சரியான கேள்வி. கான்கிரீட் கூரை பகலெல்லாம் வெயிலைக் குடித்துவிட்டு, நாம் படுக்கப் போகும் நேரத்தில் அதை நம் தலைமேல் இறக்குகிறது. ஏ.சி. அறைக் காற்றைக் குளிர்விக்கிறது. ஆனால் மேலிருந்து வரும் சூட்டை நிறுத்துவதில்லை.

அந்தக் குளிர்காலத்தில் எங்கள் குடியிருப்புச் சங்கம் மொட்டை மாடியில் நீர்க்கசிவுத் தடுப்பு வேலையைப் புதிதாகச் செய்தது. பலர் வற்புறுத்தியதால் கூடவே வெப்பத்தடுப்புப் பலகையும் பதித்தார்கள். 2025 கோடை வந்தது. வீடு பரவாயில்லை. ஆனால் அம்மா படுக்கும் மூலை மட்டும் பழையபடியே கொதித்தது. பொதுக்குழுவில் சிலர், "பலகை எல்லாம் ஏமாற்று வேலை, பணம் தண்டம்" என்று முடித்துவிட்டார்கள். அதை மறுக்கவே இதை எழுதுகிறேன். குறை பலகையில் இல்லை; கணக்குப் போடாமல் பதித்ததில் இருக்கிறது. அந்தக் கணக்கும் பொறியியல் படித்தவர்களுக்கு மட்டும் உரியதல்ல. எட்டாம் வகுப்புப் பிள்ளை போடக்கூடிய வகுத்தல்தான்.

எந்தப் பொருளுக்கும் வெப்பத்தைக் கடத்தும் தன்மைக்கு ஓர் எண் உண்டு. அதை 'கே' மதிப்பு என்பார்கள். கான்கிரீட்டுக்கு அது சுமார் 1.58. எக்ஸ்.பி.எஸ். என்ற கெட்டியான நுரைப் பலகைக்கு 0.035 என்று வைத்துக்கொள்ளலாம். பொருளின் கனத்தை மீட்டரில் எழுதி, கே மதிப்பால் வகுத்தால் கிடைப்பது 'ஆர்', அதாவது தடை. 150 மில்லிமீட்டர் கான்கிரீட்டுக்கு 0.15 வகுத்தல் 1.58, விடை 0.095. 50 மில்லிமீட்டர் பலகைக்கு 0.05 வகுத்தல் 0.035, விடை 1.43. அரையடி கான்கிரீட்டைப் போல இரண்டு அங்குலப் பலகை பதினைந்து மடங்கு தடுக்கிறது!

வடக்கே பழைய வீடுகளில் கூரைமேல் வைக்கோல் கலந்த மண்ணைப் பரப்பி, அதன்மேல் செங்கல் ஓடு பதிப்பார்கள். நல்ல யோசனைதான். ஆனால் நான்கு அங்குல மண் தரும் தடை 0.19 மட்டுமே, சதுர மீட்டருக்கு 160 கிலோ பாரம் வேறு. இரண்டு அங்குலப் பலகையோ இரண்டு கிலோகூட இருக்காது.

இனி மொத்தக் கூரை. கான்கிரீட் 0.095, மேலே ஓடு, கீழே பூச்சு எல்லாம் சேர்த்து 0.07, கூரையின் இருபுறமும் ஒட்டி நிற்கும் காற்றுப் படலங்களுக்கு 0.21. கூட்டினால் 0.375. ஒன்றை இதனால் வகுத்தால் வருவது 'யு' மதிப்பு: 2.67. ஒரு சதுர மீட்டர் கூரை, ஒரு டிகிரி வித்தியாசத்துக்கு, இத்தனை வாட் வெப்பத்தை உள்ளே விடும் என்று பொருள். எங்கள் வீட்டுக் கூரை சுமார் 90 சதுர மீட்டர். உள்ளுக்கும் வெளிக்கும் சராசரியாக 20 டிகிரி வித்தியாசம் என்று வைத்துப் பெருக்கினால் 4,800 வாட். ஒரு டன் ஏ.சி. வெளியேற்றும் வெப்பம் சுமார் 3,500 வாட். அதாவது ஒரு டன்னுக்கு மேற்பட்ட ஏ.சி., கூரையோடு மல்லுக்கட்டவே சரியாகிவிடும்.

50 மில்லிமீட்டர் பலகை சேர்ந்தால் தடை 1.80 ஆகிறது, யு 0.55, உள்ளே வருவது சுமார் 1,000 வாட். அப்படியானால் கனத்தைக் கூட்டிக்கொண்டே போகலாமா? வேண்டாம். 25 மில்லிமீட்டரிலேயே 4,800 வாட் 1,650 ஆக இறங்கிவிடும். 50இல் 1,000. 75இல் 715. 100இல் 560. முதல் அங்குலம்தான் பெரிய வேலையைச் செய்கிறது. மத்திய அரசு 2018இல் வெளியிட்ட 'ஈகோ நிவாஸ் சம்ஹிதா' என்ற குடியிருப்புக் கட்டட விதி, கூரையின் யு 1.2க்கு மேல் போகக்கூடாது என்கிறது. பலகையே இல்லாத நம் கூரை அதைப்போல இரண்டு மடங்குக்கு மேல். 25 மில்லிமீட்டர் போட்டாலே 0.92க்கு வந்துவிடும். என் கருத்தில் நம் வீடுகளுக்கு 50 மில்லிமீட்டர் போதும்.

அம்மாவின் மூலைக்கு வருகிறேன். பலகை பதித்தவர்கள் கைப்பிடிச் சுவரை ஒட்டியும் தண்ணீர்த் தொட்டிக்குக் கீழேயும் விட்டுவிட்டார்கள். "கொஞ்ச இடம்தானே சார்" என்றார் காண்டிராக்டர். எங்கள் கூரையில் பத்தில் ஒரு பங்கு, அதாவது 9 சதுர மீட்டர். கணக்கைப் போட்டுப் பாருங்கள். பலகை உள்ள 81 சதுர மீட்டர் வழியாக 900 வாட். வெறும் 9 சதுர மீட்டர் வழியாக 480 வாட்! பத்தில் ஒரு பங்கு இடம், மொத்த வெப்பத்தில் மூன்றில் ஒரு பங்குக்கு மேல் உள்ளே விடுகிறது. அந்த இடத்துக்கு நேர் கீழேதான் அம்மாவின் கட்டில். ஓட்டைக் குடத்தை வைத்துக்கொண்டு கிணற்றைக் குறை சொன்ன கதைதான் எங்கள் பொதுக்குழுவின் கதை.

விற்பவர்களிடமும் ஜாக்கிரதை வேண்டும். "பத்து டிகிரி குறையும்" என்ற பேச்சைக் கேட்காதீர்கள். கே மதிப்பைச் சோதனைச் சான்றிதழோடு கேளுங்கள். 'ஆர் 10' என்று அச்சிட்டிருந்தால் அது அமெரிக்க அளவாக இருக்கலாம். அதை 5.68 ஆல் வகுத்தால்தான் நம் மெட்ரிக் கணக்கு வரும். 10 என்பது 1.76 ஆகிவிடும். பஃப் பலகையின் கே மதிப்பு புதிதில் மிகவும் குறைவு. உள்ளிருக்கும் வாயு மெல்ல வெளியேற, வருடங்கள் போகப் போகக் கூடும். தெர்மோகோல் விலை மலிவு, ஆனால் எக்ஸ்.பி.எஸ்.ஸைவிட ஈரத்தை அதிகம் வாங்கும். ஈரம் ஏறினால் தடை குறையும். இவை எல்லாமே எரியக்கூடியவை என்பதால் அறைக்குள் திறந்தபடி ஒட்டாதீர்கள். கூரைக்கு மேலே, நீர்க்கசிவுத் தடுப்பின்மேல் பதித்து, அதற்கு மேல் கான்கிரீட்டும் ஓடும் போடுவதே முறை. அப்போதுதான் கான்கிரீட்டும் வெயிலில் விரிந்து சுருங்கி வெடிக்காமல் இருக்கும்.

கடைசியாக, செலவை யார் ஏற்பது? "சூடு உங்களுக்கு, நீங்களே போட்டுக்கொள்ளுங்கள்" என்று கீழ்த்தளத்தார் சொல்வதுண்டு. தரைத்தளத்தில் இருப்பவர் லிஃப்டில் ஏறுவதில்லை. இருந்தும் பராமரிப்புப் பணம் தருகிறார். மொட்டை மாடி எல்லோருக்கும் பொது. வடாம் காயப் போடவும், நவராத்திரிக்குப் பந்தல் போடவும் பொதுவாக இருக்கும் கூரை, வெயிலுக்கு மட்டும் கடைசி மாடிக்காரரின் சொத்தாகிவிடுமா?

எப்படியும் சில வருடங்களுக்கு ஒருமுறை நீர்க்கசிவு வேலை வரத்தான் போகிறது. அடுத்த முறை வரும்போது இந்த வகுத்தலை ஒரு தாளில் போட்டு எடுத்துக்கொண்டு பொதுக்குழுவுக்குப் போங்கள். விட்டுப்போன இடம் எத்தனை சதுர மீட்டர் என்றும் அளந்துகொண்டு போங்கள். எங்கள் குடியிருப்பில் அந்த 9 சதுர மீட்டருக்கு நான் மனுக் கொடுத்திருக்கிறேன். அடுத்த கோடைக்கு அம்மா மறுபடி வருவதாகச் சொல்லியிருக்கிறார்.