விளையாட்டு செத்துப் போகுமா தாத்தா?

அன்புப் பேரப்பிள்ளைகளே!

பள்ளிக்கூடம், டியூஷன், டிவி, செல்போன் என்று உங்களுக்கு நேரமே இருக்காது. கொஞ்ச நேரம் இந்தத் தாத்தாவுக்கும் ஒதுக்குங்கள். முப்பது வருடங்களுக்கு மேல் சாக்பீஸ் பிடித்த கை இது. ஓய்வு பெற்ற பிறகும் சும்மா இருக்க மாட்டேன் என்கிறது!

எங்கள் ஊர் இடைசெவல். கோவில்பட்டியிலிருந்து திருநெல்வேலி போகும் வழியில் இருக்கிறது. சுற்றிலும் கரிசல் காடு. மழை பெய்தால் மண் செருப்பைப் பிடித்துக்கொண்டு விடாது. கோடையில் பாளம் பாளமாக வெடித்துக் கிடக்கும்.

போன கோடை விடுமுறைக்குச் சென்னையிலிருந்து என் பேரன் வந்தான். ஆறாம் வகுப்பு முடித்தவன். துணிப்பையை அம்மாவிடம் கொடுத்துவிட்டு, ஒரு அட்டைப் பெட்டியை மட்டும் மடியிலேயே வைத்துக்கொண்டு வந்தான். திறந்தால், உள்ளே கறுப்பாக ஒரு மெஷின்.

"பிளே ஸ்டேஷன் 2 தாத்தா! அப்பாவோடது. பரண் மேல கிடந்துச்சு" என்றான்.

என் மகன் வேலைக்குச் சேர்ந்த புதிதில், 2009-ல், ஆசை ஆசையாக வாங்கியது அது. சென்னை வீட்டில் உள்ள புது டிவியில் அதன் மஞ்சள், சிவப்பு, வெள்ளை ஒயர்களை மாட்ட இடம் இல்லையாம். எங்கள் வீட்டுப் பழைய டிவியில் இருந்தது. 'பழசு பழசு' என்று எல்லோரும் கேலி செய்த என் டிவிக்கு அன்றைக்கு ஒரே மரியாதை!

கூடவே ஒரு டிஸ்க் கொண்டுவந்திருந்தான். பெயர் 'தேசி அட்டா'. நம் நாட்டுக் கிராமத்து விளையாட்டுகளை வைத்து 2009-ல் வெளிவந்தது. கபடி, பட்டம் விடுவது, அத்தோடு நம்ம கிட்டிப்புள்ளும் அதில் உண்டு. என் பேரன் வாழ்க்கையில் முதன்முதலாகக் கிட்டிப்புள் விளையாடியது இடைசெவலில்தான். ஆனால் மண்ணில் இல்லை, டிவியில்!

இரண்டு நாள் ஒரே கொண்டாட்டம். மூன்றாம் நாள் மெஷின் டிஸ்க்கைப் படிக்க மறுத்துவிட்டது. துடைத்துப் பார்த்தான், ஊதிப் பார்த்தான். ஒன்றும் நடக்கவில்லை. கோவில்பட்டியில் ரிப்பேர் பார்க்கும் ஒருவரிடம் தூக்கிக்கொண்டு போனோம். அவர் திறந்து பார்த்துவிட்டு, "லென்ஸ் போயிருச்சு சார். இதுக்கு என்கிட்ட சாமான் இல்ல. இந்த மெஷினுக்கு கேம் வர்றதே நின்னு போச்சே!" என்றார்.

திரும்பி வரும்போது பஸ்ஸில் அவன் ஒன்றும் பேசவில்லை. நாலாட்டின்புத்தூர் தாண்டியதும் மெதுவாகக் கேட்டான்: "விளையாட்டு கூடச் செத்துப் போகுமா தாத்தா?"

அந்தக் கேள்விக்குப் பதில் சொல்லத்தான் இந்தக் கட்டுரை.

ஏன் நிறுத்துகிறார்கள்?

பிளே ஸ்டேஷன் 2-ஐ ஜப்பானின் சோனி நிறுவனம் 2000-ம் ஆண்டு மார்ச் மாதம் வெளியிட்டது. உலகம் முழுவதும் 15 கோடிக்கும் மேல் விற்ற மெஷின் அது! விலை குறையக் குறைய நம் நாட்டு நடுத்தரக் குடும்பங்களும் வாங்கினார்கள். அதனால்தான் மற்ற நாடுகளில் பிளே ஸ்டேஷன் 3 வந்த பிறகும், நம் நாட்டுக்கென்றே பழைய மெஷினுக்கு விளையாட்டுகள் வந்தன. 2009-ல் ஐதராபாத்தில் உருவான 'ஹனுமான்: பாய் வாரியர்' வந்தது. 2010-ல் தெருக் கிரிக்கெட் வந்தது. 2013-ல் 'டான் 2' இந்திப் படத்தை வைத்துக்கூட ஒன்று வந்தது.

அந்த 2013-ம் ஆண்டின் தொடக்கத்திலேயே மெஷின் தயாரிப்பதை நிறுத்திவிட்டதாகச் செய்தி வந்துவிட்டது. அதே ஆண்டு நவம்பரில் வந்த 'ப்ரோ எவல்யூஷன் சாக்கர் 2014' என்ற கால்பந்து விளையாட்டு, அதற்காக வந்த கடைசி விளையாட்டுகளில் ஒன்று. அதோடு கடை மூடியாயிற்று.

ஒரு மெஷினுக்கு எழுதிய விளையாட்டு இன்னொரு மெஷினில் ஏன் ஓடுவதில்லை என்று கேட்பீர்கள். பூட்டும் சாவியும் மாதிரிதான். ஒவ்வொரு மெஷினுக்குள்ளும் ஒரு தனி மூளை. அந்த மூளைக்குப் புரியும் மொழியில் விளையாட்டை எழுதுகிறார்கள். புது மெஷினில் வேறு மூளை. யாராவது மெனக்கெட்டு மாற்றி எழுதினால்தான் அதில் ஓடும். வாங்க ஆள் இல்லாதபோது அதற்கு யார் பணம் செலவழிப்பார்கள்? நம்ம ஊர் மளிகைக் கடைக்காரரும் விற்காத சரக்கை வாங்கி அடுக்க மாட்டாரே!

ஆகவே நிறுத்தியது குற்றம் என்று நான் சொல்லவில்லை. நிறுத்திய பிறகு என்ன ஆகிறது என்பதுதான் என் கவலை.

டிஸ்க்கில் வந்த விளையாட்டாவது பரவாயில்லை. நல்ல மெஷின் ஒன்று கிடைத்தால் ஓடும். இன்டர்நெட் மூலம் விளையாடுவது அப்படி இல்லை. 'ஃபைனல் ஃபேன்டஸி 11' என்ற விளையாட்டு பிளே ஸ்டேஷன் 2-க்கு 2002-ல் வந்தது. 2016 மார்ச் 31-ம் தேதி அந்த மெஷினுக்கான சேவையை நிறுத்தினார்கள். டிஸ்க் கையில் இருக்கும், மெஷினும் ஓடும். ஆனால் விளையாட முடியாது. நின்டெண்டோ நிறுவனம் '3டிஎஸ்', 'வீ யூ' என்ற தன் இரண்டு பழைய மெஷின்களுக்கான இன்டர்நெட் கடையை 2023 மார்ச்சில் மூடியது. அங்கே மட்டுமே விற்ற விளையாட்டுகளைப் புதிதாக வாங்க வழி இல்லாமல் போனது.

அதே 2023-ல் அமெரிக்காவில் ஓர் ஆய்வு வெளிவந்தது. அந்த நாட்டில் 2010-க்கு முன்பு வந்த விளையாட்டுகளில் 100-க்கு 87 இன்றைக்குக் கடையில் கிடைப்பதில்லையாம்!

"போனால் போகட்டுமே, வீடியோ கேம்தானே?" என்று உங்கள் அப்பா சொல்லலாம். நானும் ஒரு காலத்தில் அப்படிச் சொன்னவன்தான். ஆனால் ஒன்றை யோசித்துப் பாருங்கள். தமிழின் முதல் பேசும் படம் 'காளிதாஸ்', 1931-ல் வந்தது. அன்றைக்குச் சென்னையில் கூட்டம் கூட்டமாகப் போய்ப் பார்த்தார்கள். இன்று அந்தப் படத்தின் பிரதி ஒன்றுகூட இல்லை! 'சினிமாதானே' என்று அன்றைக்கு இருந்தவர்கள் நினைத்துவிட்டார்கள். புனேயில் தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகம் 1964-ல்தான் தொடங்கியது. அதற்குள் காரியம் கெட்டுப்போயிற்று.

தாத்தாவின் பெருமையும் வெட்கமும்

பஸ்ஸில் பேரன் அப்படிக் கேட்டதும் எனக்கு ஒரு பெருமை வந்தது. "உன் கிட்டிப்புள்தான்டா செத்துப் போச்சு. எங்க கிட்டிப்புள்ளை எந்தக் கம்பெனியும் நிறுத்த முடியாது. வா, காட்டுறேன்!" என்றேன்.

மறுநாள் காலையில் வேப்பங்கம்பு ஒன்றை வெட்டினேன். நீளமாகக் கிட்டி, இரண்டு முனையும் சீவிய சின்னப் புள். காட்டுப் பக்கம் ஆள் நடமாட்டம் இல்லாத பொட்டலில் ஒரு சிறு குழி தோண்டினேன். தெருப் பிள்ளைகள் ஏழெட்டுப் பேர் சேர்ந்துகொண்டார்கள்.

குழியின் மேல் புள்ளைக் குறுக்காக வைத்து, கிட்டியால் நெம்பித் தள்ள வேண்டும். பறக்கும்போது பிடித்துவிட்டால் அவுட். அப்புறம் புள்ளின் முனையில் தட்டி, அது எழும்பும்போது ஓங்கி அடிக்க வேண்டும். விழுந்த இடத்திலிருந்து குழி வரை கிட்டியால் அளக்க வேண்டும். அளப்பதில்தான் சுவாரசியம்! எங்கள் தெருவில் ஒன்று முதல் ஏழு வரை எண்ணி, மறுபடி ஒன்றிலிருந்து தொடங்குவோம். கடைசியில் எந்த எண் வருகிறதோ, அதற்கென்று உள்ள முறையில்தான் அடுத்த அடி. ஒன்று வந்தால் பாதத்தின் மேல் புள்ளை வைத்து அடிக்க வேண்டும். இரண்டு வந்தால் புறங்கையில். மூன்று வந்தால் மடக்கிய முழங்கையில்.

பேரன் அடித்தான். அளந்தான். நான்கு வந்தது.

"நாலுக்கு எப்படி தாத்தா?" என்றான்.

எனக்கு ஞாபகம் வரவில்லை!

நெற்றியைத் தேய்த்துப் பார்த்தேன். சுற்றி நின்ற பிள்ளைகளைப் பார்த்தேன். அவர்கள் என்னைப் பார்த்தார்கள். எங்கள் தெருவிலேயே பிறந்து வளர்ந்த பிள்ளைகள்தான், ஒருவருக்கும் தெரியவில்லை. நான்தான் கடைசியாக விளையாடியவனோ என்னவோ. அதுவும் ஐம்பது வருடங்களுக்கு முன்னால்!

பிளே ஸ்டேஷன் 2 நின்றதற்காவது ஒரு வருடம் இருக்கிறது, செய்தி இருக்கிறது. எங்கள் தெருக் கிட்டிப்புள் எந்த நாளில் நின்றது? யாருக்கும் தெரியாது. யாரும் நிறுத்தவில்லை. நாங்களாகவே விட்டுவிட்டோம். பெருமை பேசிய வாய் அன்றைக்கு மூடிக்கொண்டது பிள்ளைகளே.

சாயங்காலம் என் பால்ய சிநேகிதர் ஒருவரைத் தேடிப் போனேன். தீப்பெட்டி ஆபீசில் உழைத்து ஓய்ந்தவர். விஷயத்தைச் சொன்னதும், "என்ன வாத்தியாரே, இந்த வயசுல பரீட்சைக்குப் படிக்கேரா?" என்று சிரித்தார். ஆனால் எழுந்து நின்று ஒவ்வொன்றாகச் செய்து காட்டினார். நான்கு வந்தது, ஐந்து வந்தது, ஆறும் வந்தது. பேரன் தன் நோட்டில் படம் போட்டு எழுதிக்கொண்டான். ஏழாவது மட்டும் அவருக்கும் ஞாபகமில்லை.

எழுதி வைத்தவர் ஒருவர்

எங்கள் ஊருக்கு ஒரு பெருமை உண்டு. கு.அழகிரிசாமி, கி.ராஜநாராயணன் என்று சாகித்ய அகாடமி விருது பெற்ற இரண்டு எழுத்தாளர்கள் பிறந்த ஊர் இது. கி.ரா. உயர்நிலைப் பள்ளிப் படிப்பைக்கூட முடிக்காதவர்; விவசாயி. கரிசல் காட்டு ஜனங்கள் பேசும் சொற்கள் பள்ளிப் புத்தகத்தில் இல்லையே, இந்தத் தலைமுறையோடு போய்விடுமே என்று ஒவ்வொன்றாகச் சேகரித்தார். 1982-ல் அது வட்டார வழக்குச் சொல் அகராதியாக வெளிவந்தது. 2021-ல் அவர் மறைந்துவிட்டார். அவர் எழுதி வைத்த சொற்கள் இருக்கின்றன.

சொல்லுக்குச் செய்ததை விளையாட்டுக்கும் செய்ய வேண்டாமா?

1954-ம் ஆண்டிலிருந்து நம் நாட்டில் ஒரு சட்டம் இருக்கிறது. யார் புத்தகம் வெளியிட்டாலும் அதன் பிரதியைச் சென்னை கன்னிமாரா நூலகத்துக்கும், கொல்கத்தா, மும்பை, டில்லியில் உள்ள மூன்று நூலகங்களுக்கும் அனுப்ப வேண்டும். அதனால்தான் கடையில் கிடைக்காத பழைய புத்தகத்தையும் கன்னிமாராவில் தேடலாம். ஜப்பானில் நாடாளுமன்ற நூலகம் வீடியோ விளையாட்டுகளையும் இப்படி வாங்கிச் சேர்த்து வைக்கிறது. நம் சட்டம் புத்தகங்களையும் பத்திரிகைகளையும் பற்றியது. விளையாட்டு டிஸ்க்குகளைப் பற்றியது அல்ல.

என் கருத்து இதுதான்: நம் நாட்டில் உருவாகும் ஒவ்வொரு வீடியோ விளையாட்டின் பிரதி ஒன்றும், அதை ஓட்டும் மெஷின் ஒன்றும் அரசு நூலகத்தில் இருக்க வேண்டும். 'ஹனுமான்' விளையாட்டையும் 'தேசி அட்டா'வையும் இருபது வருடம் கழித்து ஒரு மாணவன் பார்க்க ஆசைப்பட்டால், அவனுக்குப் பரண் மேல் தேடும் அப்பா இருக்க வேண்டிய அவசியம் இல்லை. நூலகம் இருந்தால் போதும்.

நாம் சொன்னால் யார் கேட்பார்கள் என்று நினைக்காதீர்கள். 2021-ல் பிளே ஸ்டேஷன் 3, வீட்டா ஆகியவற்றின் இன்டர்நெட் கடைகளை மூடப்போவதாகச் சோனி அறிவித்தது. விளையாடுபவர்கள் எதிர்ப்புத் தெரிவித்தார்கள். சில வாரங்களிலேயே அந்த முடிவை மாற்றிக்கொண்டது! கேட்டால்தான் கிடைக்கும்.

நீங்கள் செய்ய வேண்டியது

சட்டம் பெரியவர்கள் வேலை. உங்களுக்கும் ஒரு வேலை இருக்கிறது. ஒரு நாற்பது பக்க நோட்டு போதும்.

வீட்டில் உள்ள தாத்தா, பாட்டி, பக்கத்து வீட்டு ஆச்சி எல்லோரையும் கேளுங்கள். கிளியாந்தட்டு எப்படி? பாண்டிக்கு எத்தனை கட்டம்? தட்டாங்கல்லில் ஒவ்வொரு சுற்றுக்கும் என்ன பாட்டு? தீப்பெட்டிப் படத்தை வைத்து என்ன விளையாடினார்கள்? விதியை எழுதுங்கள், படம் வரையுங்கள், ஊர்ப் பெயரையும் தேதியையும் போடுங்கள். பிறகு ஒரு தடவையாவது நண்பர்களோடு விளையாடிப் பாருங்கள். அப்போதுதான் எழுதியதில் என்ன விட்டுப் போனது என்று தெரியும். கிட்டிப்புள் விளையாடினால் எதிரே ஆள் நிற்காமல் பார்த்துக்கொள்ளுங்கள், கண் பத்திரம்!

அதே நோட்டின் கடைசிப் பக்கங்களில், நீங்கள் இன்றைக்குச் செல்போனில் விளையாடும் விளையாட்டையும் எழுதுங்கள். ஆமாம், அதையும்தான்! என்ன பெயர், எப்படி ஜெயிப்பது, யாரோடு விளையாடினீர்கள், எதற்குச் சண்டை வந்தது... அதுவும் ஒருநாள் நின்று போகும். அன்றைக்கு உங்கள் பேரன் கேட்பான்.

என் பேரனின் கேள்விக்கு இப்போது பதில் சொல்கிறேன். கம்பெனி நிறுத்துவதால் மட்டும் விளையாட்டு செத்துப் போவதில்லை. கடைசியாக விளையாடியவன் யாருக்கும் சொல்லாமல் போனால்தான் செத்துப் போகிறது.

எங்கள் கிட்டிப்புள்ளின் ஏழாவது அடியை நானும் பேரனும் இன்னும் தேடிக்கொண்டிருக்கிறோம். இந்த விடுமுறைக்கு அவன் வரும்போது பக்கத்து ஊர்களில் போய்க் கேட்பதாக இருக்கிறோம். உங்கள் தாத்தாவுக்குத் தெரிந்திருந்தால் உடனே நோட்டில் எழுதிவிடுங்கள். நாளைக்கு என்று தள்ளிப் போடாதீர்கள். நாளைக்கு என்று தள்ளித் தள்ளித்தான் நான் அதை மறந்தேன்.

நல்லா விளையாடுங்கள்! நல்லா இருங்கள்!

அன்புடன்,
இடைசெவல் வாத்தியார் தாத்தா